ஜெத்ரோ பின்ஃபோல்டும் ஒரு சாண் கம்பியும்

ஆங்கிலேயப் பட்டாளத்தில் எங்கள் கம்பெனியில் ஜெத்ரோ பின்ஃபோல்டைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் இரண்டே பேர். ஒருத்தி அவன் மனைவி டமாரிஸ். இன்னொருவன் நான். மற்ற எல்லோருக்கும் அவன் 'கைத்தாங்கல்'.

அந்தப் பெயர் வந்த கதை இது. சண்டையில் ஒருவனுக்கு அடிபட்டால், அவனைக் கைத்தாங்கலாகப் பின்னால் வைத்தியரிடம் கூட்டிப்போக நாலு பேர் முண்டியடிப்பார்கள். போனவர்கள் வெடிச்சத்தம் ஓய்ந்த பிறகுதான் திரும்பி வருவார்கள். வரிசையைவிட்டு நழுவ இதைவிட நல்ல சாக்கு பட்டாளத்தில் கிடையாது. அதனாலேயே அப்படிப் போனவனை யாரும் மறப்பதும் கிடையாது. போர்ச்சுகலில் வந்து இறங்கிய வருஷம் ஒரு மலைமுகட்டுச் சண்டையில், முழங்கால் சிதறிய ஒருவனை ஜெத்ரோ தோளில் சாய்த்துக்கொண்டு பின்னால் போனான். அவன் திரும்பியபோது பிரெஞ்சுக்காரர்கள் மலையிறங்கிப் போய்விட்டிருந்தார்கள். காலை அறுக்கும்போது பிடித்துக்கொள்ள ஆளில்லை, அதனால் வைத்தியர் தன்னை நிறுத்திக்கொண்டார் என்று சொன்னான். அவன் சட்டைக் கை முழங்கை வரைக்கும் ரத்தத்தில் நனைந்திருந்தது. நான் நம்பினேன். மற்றவர்களுக்குச் சட்டையைவிடப் பட்டப்பெயர் பிடித்திருந்தது.

அவன் வில்ட்ஷயர்க்காரன். ஆட்டுப்பட்டிக்கு வேலித்தட்டி பின்னுவது தொழில். ஒரு சந்தை நாளில் தட்டிகளை விற்றுவிட்டு, மழைக்கு ஒதுங்கிச் சத்திரத்துக்குள் போயிருக்கிறான். உள்ளே ஆள் எடுக்கும் சார்ஜென்ட் தொப்பியில் ரிப்பன் பறக்க உட்கார்ந்திருந்தார். மழை விடவில்லை, பீரும் நிற்கவில்லை. காலையில் விழித்தபோது அந்த ரிப்பன் இவன் தொப்பியில் இருந்தது; பட்டாளத்தில் சேர்ந்துவிட்டான் என்று அர்த்தம். "மழை அரைமணி முன்னாடி விட்டிருந்தா நான் இந்நேரம் தட்டி பின்னிட்டிருப்பேன்" என்பான். அதை வருத்தமாகச் சொல்லமாட்டான். வானிலையைப் பற்றிச் சொல்கிற மாதிரி சொல்வான்.

பேச்சு குறைவு. கை மெதுவானது, ஆனால் ஒரு வேலையைப் பாதியில் விடாத கை. துப்பாக்கியில் மருந்தும் குண்டும் அடைத்துக் கெட்டிக்கும் பயிற்சியில் எங்களுக்கெல்லாம் கடைசியாகத்தான் முடிப்பான். அதற்காக நிறையத் திட்டு வாங்கியிருக்கிறான்.

டமாரிஸ் பட்டாளத்திலேயே பிறந்தவள். அயர்லாந்தில் ஒரு சாமான் வண்டியில் பிறந்ததாகச் சொல்வாள். கம்பெனிக்குத் துணி துவைப்பாள். அவளுடைய முதல் புருஷன் ஒரு கார்ப்பரல், லிஸ்பனில் காய்ச்சலில் போனான். புருஷன் இல்லாத பெண்ணுக்குப் பட்டாளத்தில் ரொட்டி நெடுநாள் கிடைக்காது. அதனால் குழியை மூடுவதற்குள்ளேயே மூன்று பேர் அவளைக் கேட்டுவிட்டார்கள். நாலாவதாகப் போனவன் ஜெத்ரோ.

"உனக்கு அவசரம்னா அவங்கள்ல ஒருத்தனப் பாத்துக்க" என்றானாம். "அவசரம் இல்லன்னா நான் காத்திருக்கேன்."

டமாரிஸ் ஒரு வாரம் காக்க வைத்தாள். "இந்த ரெஜிமென்ட்ல ஒரு வாரம் காத்திருந்த விதவை நான் ஒருத்திதான். எவ்வளவு திமிர் பாருன்னு பேசினாங்க" என்று பின்னாளில் சொல்லிச் சிரிப்பாள்.

இனிச் சொல்லப்போவது அவர்களுக்குக் கல்யாணமாகி இரண்டாம் கோடையில், ஸ்பெயின் எல்லைக்கு அப்பால் நடந்தது.

அன்று நாங்கள் ஒரு நீண்ட மேட்டின் பின்சரிவில் படுத்துக் கிடந்தோம். பெண்களைச் சாமான் வண்டிகளோடு ஓடைப்பக்கம் அனுப்பும் நேரம். எங்கள் கம்பெனியின் வாயாடி அமோஸ் டிரான்டர். வரிசையில் ஜெத்ரோவுக்கு நேர் முன்னால் நிற்பவன் அவன்தான்.

"டமாரிஸ், ஜெத்ரோ விழுந்தான்னா மொத ஆள் நான். இப்பவே சொல்லிட்டேன்" என்றான் அமோஸ்.

"உன் சட்டையத் துவைக்கிறதுக்கே சோப்பு பத்தல. உன்னையும் சேத்துத் துவைக்க நான் எங்கடா போவேன்" என்றாள் அவள்.

ஜெத்ரோவும் சிரித்தான். எங்களிடம் இப்படிப் பேசுவது குற்றமில்லை. எல்லோரும் பேசுவதுதான்.

மத்தியானத்துக்கு மேல் பிரெஞ்சுக்காரர்கள் ஏறி வந்தார்கள். நாங்கள் முகட்டில் இரண்டு வரிசையாக நின்றோம். பின்வரிசைக்காரனின் துப்பாக்கிக் குழாய் முன்வரிசைக்காரனின் காதை ஒட்டி நீளும். காகிதத் தோட்டாவின் முனையைக் கடித்துக் கிழிக்க வேண்டும். துளி வெடிமருந்தைக் குழாயடியிலுள்ள சின்னக் கிண்ணியில் கொட்டி மூட வேண்டும். மீதி மருந்தையும் குண்டையும் காகிதத்தையும் குழாயில் போட்டு இடிகம்பியால் குத்தி இறக்க வேண்டும். பிறகு சிக்கிமுக்கிக் கல் கவ்விய 'குதிரை'யைப் பின்னால் இழுத்து, துப்பாக்கியை நீட்டி, விசையைத் தட்ட வேண்டும். கிண்ணியில் பற்றிய தீ ஒரு ஊசித்துளை வழியாகக் குழாய்க்குள் போனால்தான் வெடிக்கும். முதல் சில முறைகளுக்குப் பிறகு எதிரில் புகையைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. தோள் மரத்துப்போனது. உதடெல்லாம் மருந்துக் கரி, நாக்கில் உப்பு.

நடுவில் தோட்டா தீர்ந்துபோய்க் கோவேறு கழுதை ஒன்று புதிய பெட்டிகளைக் கொண்டுவந்தது. அந்த மருந்து மட்டம். சுடச்சுடத் தார் மாதிரி கரி ஒட்டியது. கம்பியை இறக்கவே பலம் வேண்டியிருந்தது. எல்லோரும் திட்டிக்கொண்டே கெட்டித்தோம். பிறகு புகைக்கு அந்தப் பக்கம் சத்தம் குறைந்தது, முரசு நின்றது. அவர்கள் இறங்கிப் போயிருந்தார்கள். நாங்கள் கெட்டித்த துப்பாக்கியோடு அப்படியே நின்றுகொண்டிருந்தோம்.

ராத்திரி நல்ல மழை. பெண்கள் மேலேறி வந்து எங்களோடு ஒண்டிக்கொண்டு, விடிந்ததும் துவைக்க ஓடைக்கு இறங்கினார்கள்.

மறுநாள் காலையில் உத்தரவு வந்தது. நனைந்த மருந்தை நம்ப முடியாது, ஆகவே கெட்டித்திருப்பதைக் கம்பெனி கம்பெனியாக ஒரே நேரத்தில் சுட்டுக் காலி செய்துவிட்டுத் துப்பாக்கியைச் சுத்தம் செய்ய வேண்டும். கிண்ணியைத் துடைத்தோம், ஊசித்துளையைக் குத்திக் கரியை எடுத்தோம், கிண்ணியில் புது மருந்து வைத்தோம். சார்ஜென்ட் ஹக்கபி எங்களைச் சரிவைப் பார்த்து நிறுத்தினார். அவரிடம் துப்பாக்கி கிடையாது; சார்ஜென்ட்களுக்கான ஈட்டிதான். ஆனால் அவர் குரல் எங்கள் துப்பாக்கிகளைவிடத் தூரம் போகும்.

நான் ஜெத்ரோவுக்கு இடதுபக்கம் பின்வரிசையில் நின்றேன். மழையில் குண்டு நகர்ந்திருக்குமோ என்று அவன் இடிகம்பியை உருவிக் குழாய்க்குள் விட்டான். வேறு யாரும் அதைச் செய்யவில்லை. சுட்டுத் தள்ளப்போகிற குண்டு நகர்ந்தால் என்ன என்று நான் நினைத்தேன்.

கம்பி அடிவரைக்கும் போகவில்லை. ஒரு முறை கெட்டித்த துப்பாக்கியில் கம்பி இரண்டு விரல் அளவுக்கு வெளியே நிற்கும். அவனுடையது ஒரு சாண் நின்றது.

அவனுக்குப் புரிந்த கணம் எனக்கும் புரிந்தது. நேற்று எங்கோ ஒரு கட்டத்தில் ஊசித்துளை கரியில் அடைத்துப்போயிருக்கிறது. கிண்ணியில் மட்டும் தீ பளிச்சென்றிருக்கிறது, குழாய் வெடிக்கவில்லை. வரிசை முழுக்க ஒரே நேரத்தில் முழங்கும்போது தன் துப்பாக்கி முழங்கவில்லை என்பது எப்படித் தெரியும்? அதன்மேலேயே அடுத்ததைக் கெட்டித்திருக்கிறான். அதன்மேல் அடுத்தது. இப்போது துளையைச் சுத்தம் செய்துவிட்டான். விசையைத் தட்டினால் குழாய் பிளக்கும். அமோஸின் தலை அதற்குப் பக்கத்தில் இருக்கிறது.

ஜெத்ரோ கம்பியை உருவி அதன் இடத்தில் செருகினான். பிறகு கிண்ணியைத் திறந்து, கட்டைவிரலால் மருந்தைத் தட்டிக் கீழே கொட்டிவிட்டு மூடினான். இனி அது வெடிக்காது. அவன் ஒன்றும் பேசாமல் நின்றிருக்கலாம். மற்றவர்கள் சுடும் சத்தத்தில் இவன் சுடாதது தெரியாது. பிறகு ஏதாவது பாறைக்குப் பின்னால் போய், யாருக்கும் தெரியாமல் உள்ளே இருப்பதை எடுத்துவிடலாம். தெரிந்தால் என்ன ஆகும் என்பதும் அவனுக்குத் தெரியும். ஏற்கெனவே ஒரு சண்டையில் பின்னால் போனவன், இன்னொரு சண்டையில் சுடாமலே நின்றவன் என்றாகிவிடும். கோழைத்தனம் என்று எழுதி விசாரணைக்கு அனுப்பினால் கசையடியில் முதுகுத் தோல் மிஞ்சாது. அதோடு போகாது. டமாரிஸ் ஓடையில் துவைக்கும் ஒவ்வொரு சட்டைக்கும் அந்தப் பேச்சைக் கேட்பாள்.

"தயார்" என்றார் ஹக்கபி.

எல்லோரும் குதிரையை இழுத்தோம். ஜெத்ரோ இழுக்கவில்லை. அவன் வரிசையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தான்.

"நீட்டு" என்று ஹக்கபி வாயெடுப்பதற்குள் ஜெத்ரோ கையை நீட்டி அமோஸின் தோளைப் பிடித்தான். "வேண்டாம் சார்ஜென்ட். சுடச் சொல்லாதீங்க."

அவன் அவ்வளவு சத்தமாகப் பேசி நாங்கள் கேட்டதே இல்லை.

"எவன்டா அது வரிசையில பேசறது?"

"பின்ஃபோல்ட், சார்ஜென்ட்."

"உன்னைக் கேட்டுட்டுத்தான் நான் உத்தரவு போடணுமா?"

"என் துப்பாக்கியில ஒண்ணு மேல ஒண்ணா கெட்டிச்சிருக்கு. மத்தவங்க துப்பாக்கியையும் பாக்கணும்."

அமோஸ் தலையைத் திருப்பாமலே சொன்னான்: "அடிபட்ட ஆளுங்க தீர்ந்துட்டாங்க. கைத்தாங்கல் இன்னிக்குத் துப்பாக்கியத் தாங்க வந்துட்டான்." முன்வரிசை குலுங்கியது.

ஹக்கபி எல்லோரையும் குதிரையைத் தணிக்கச் சொன்னார். ஈட்டியை மண்ணில் குத்தி நிறுத்திவிட்டு வந்தார். ஜெத்ரோவின் கம்பியை அவரே குழாய்க்குள் விட்டார். வெளியே நின்ற அளவைத் தன் கையை விரித்து வைத்துப் பார்த்தார்.

"இதுல எத்தனை குண்டுடா இருக்கு?"

"நாலோ அஞ்சோ இருக்கும்."

"அப்ப நேத்து நீ என்னத்தச் சுட்ட?"

"எல்லாத்தையும் சுட்டேன்னுதான் நெனச்சேன் சார்ஜென்ட். தோள் வீங்கியிருக்கு, முதல்ல எல்லாம் வெடிச்சுது. எப்ப நின்னுச்சுன்னு தெரியல."

"தெரியல. கண்ண மூடிக்கிட்டு நின்னியா?"

"கண்ணத் தொறந்திருந்தா ஓடியிருப்பான்" என்றது இடதுகோடியிலிருந்து ஒரு குரல். இந்த முறை சிரிப்பு கொஞ்சம் அதிகம்.

ஜெத்ரோவின் முகச் சிவப்பு காது வரைக்கும் ஏறியது. ஆனாலும் அவன் விடவில்லை. "என்னை என்ன வேணா சொல்லிக்குங்க. கழுதை கொண்டுவந்த பெட்டியில நான் மட்டும் எடுக்கல. எல்லாருந்தான் எடுத்தோம். அந்தக் கரி எல்லார் துப்பாக்கியிலயுந்தான் ஒட்டுச்சு. ஒவ்வொருத்தனும் கம்பிய விட்டுப் பாக்கட்டும். என்னுது மட்டுந்தான் இப்படின்னா, அப்புறம் எனக்கு என்ன பண்ணணுமோ பண்ணுங்க."

ஹக்கபி வாயில் இருந்த புகையிலையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்குத் தள்ளினார். தன் அவமானத்தைப் பங்கு போட ஆள் தேடுகிறானா என்று அவர் யோசித்தது முகத்திலேயே தெரிந்தது. பிறகு, "கிண்ணிய எல்லாரும் காலி பண்ணுங்க. வலதுகோடியிலேந்து, ஒவ்வொருத்தனா கம்பிய விடுங்க" என்றார்.

முதல் ஆளுக்கு இரண்டு விரல். அடுத்தவனுக்கு இரண்டு விரல். அதற்கடுத்தவனுக்கும் அப்படித்தான். ஹக்கபி ஒவ்வொருவனாகப் பார்த்துக்கொண்டு நடந்தார். நடக்க நடக்க அவர் நடை வேகமானது, அது நல்ல அறிகுறியாக இல்லை. ஜெத்ரோ நேராகப் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஹக்கபி அமோஸிடம் வந்தார்.

"எனக்கெதுக்கு சார்ஜென்ட். நேத்து பூரா சுட்டவன் நான். சந்தேகம்னா கீழ போய் அந்தப் பிரெஞ்சுக்காரங்களக் கேளுங்க."

"கம்பிய விடு."

அமோஸ் கம்பியை உருவி, ஒரு சுழற்று சுழற்றிவிட்டு, குழாய்க்குள் போட்டான். அது அடியைத் தொடுமுன் ஏதோ ஞாபகம் வந்த மாதிரி நின்றது. அவன் அதை எடுத்து மறுபடி போட்டான். அதே இடத்தில் நின்றது. வெளியே நின்றது ஜெத்ரோவுடையதைவிட ஒரு விரல்தான் குறைவு.

"கம்பி கோணியிருக்கு" என்றான் அமோஸ்.

"கம்பி நேராத்தான்டா இருக்கு" என்றார் ஹக்கபி.

வரிசையில் ஒருவனும் சிரிக்கவில்லை. எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தங்கள் துப்பாக்கியின் ஞாபகம் வந்துவிட்டது. ஹக்கபி வருவதற்குள் நான் என் கம்பியை விட்டுப் பார்த்தேன். இரண்டு விரல். திரும்பவும் விட்டுப் பார்த்தேன், இரண்டு விரல்தான். இடதுகோடியில் இன்னும் இரண்டு பேருக்குக் கம்பி உயர்ந்து நின்றது. அவர்களில் ஒருவன் அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டான். அவனை யாரும் எழுந்திருக்கச் சொல்லவில்லை.

நாலு துப்பாக்கிகளையும் புல்லில் கிடத்தினோம். கம்பி முனையில் சுருள் கொக்கியைத் திருகி, உள்ளே இருந்ததை ஒவ்வொன்றாக இழுத்தோம். அமோஸின் கொக்கி குண்டில் பற்றாமல் நழுவிக்கொண்டே இருந்தது. ஜெத்ரோ அமோஸின் துப்பாக்கிக் கட்டையைத் தன் முழங்கால்களுக்கு நடுவில் இறுக்கிப் பிடித்துக்கொண்டான்.

"சும்மா இழு. நான் பிடிச்சிருக்கேன்" என்றான்.

"நேத்து நான் ஒருத்தனக்கூடக் கொல்லலையோ என்னவோ" என்றான் அமோஸ்.

"மொதப் பெட்டியில கொன்னிருப்ப."

"அப்படியா சொல்ற?"

"எனக்கென்ன தெரியும். பொகைதானே தெரிஞ்சுது."

ஜெத்ரோவின் குழாயிலிருந்து கடைசிக் குண்டு வந்த பிறகு, கொக்கியோடு கெட்டியாகக் கரிக்கட்டி ஒன்று வந்தது. ஹக்கபி அதை விரலால் நசுக்கிப் பார்த்தார். கம்பெனிக்கே கேட்கும்படி, "சும்மா நின்னவன் குழாய்ல இவ்வளவு கரி ஏறாது" என்று சொல்லிவிட்டு விரலைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டார்.

அப்போது கேப்டன் லெத்பிரிட்ஜ் வந்துவிட்டார். முகம் மழிக்காமல், ஈரக் கோட்டோடு வந்தார். "உங்க கம்பெனி ஏன் இன்னும் சுடல, சார்ஜென்ட்?"

"பின்ஃபோல்ட் நிறுத்திட்டான், சார்."

உத்தரவுக்கு நடுவில் ஒரு சிப்பாய் வாய் திறப்பதே குற்றம். நாங்கள் எல்லோரும் பூட்ஸ் நுனியைப் பார்த்துக்கொண்டு நின்றோம். கேப்டன் புல்லில் கிடந்த துப்பாக்கிகளையும் குண்டுகளையும் பார்த்தார். குனிந்து ஒரு குண்டை எடுத்தார், அதில் ஒட்டியிருந்த ஈரக் காகிதத்தை உரித்தார், கீழே போட்டார்.

"இன்னும் சுடாத கம்பெனிக்கெல்லாம் ஆள் அனுப்புங்க. கம்பிய விட்டுப் பாக்காம யாரும் சுட வேண்டாம்." பத்தடி போனவர் திரும்பி வந்தார். "பின்ஃபோல்ட் யாரு?"

"நான்தான், சார்."

"நேத்து கடைசி வரைக்கும் வரிசையில நின்னியா?"

"நின்னேன், சார்."

"சரி" என்றார் கேப்டன். போய்விட்டார்.

அவ்வளவுதான். விசாரணை இல்லை, முதுகில் அடி இல்லை. ஜெத்ரோ அந்த இடத்திலேயே கொஞ்ச நேரம் நின்றான். பிறகு தொப்பியைக் கழற்றி உள்ளே பார்த்தான், எதற்கென்று அவனுக்கும் தெரிந்திருக்காது, திரும்பப் போட்டுக்கொண்டான்.

மிச்சம் இருந்தவர்கள் ஒரே முழக்கமாகச் சுட்டோம். ஒரு குழாயும் பிளக்கவில்லை.

ஓடைப்பக்கத்தில் பெண்கள் எங்களுக்கு முந்திய கம்பெனிகளின் முழக்கத்தைக் கேட்டுவிட்டு எங்களுடையதற்காகக் காத்திருந்திருக்கிறார்கள். அது நெடுநேரம் வராமல் போக, டமாரிஸ் பாதித் துணியைத் தண்ணீரிலேயே போட்டுவிட்டு மேடேறி வந்துவிட்டாள். நடந்ததை அவளுக்குச் சொன்னது அமோஸ்தான். தன் துப்பாக்கியைப் பற்றியும் ஒளிக்காமல் சொன்னான். அவள் முழுக்கக் கேட்டுவிட்டு ஜெத்ரோ பக்கம் திரும்பினாள்.

"நாலு குண்டு அடைச்ச துப்பாக்கிய ராத்திரி எங்க வெச்சிருந்த?"

"பக்கத்துலதான். மழை படாம."

"யார் பக்கத்துல?"

ஜெத்ரோ யோசித்தான். "நமக்கு நடுவுல" என்றான்.

அவள் ஈரக்கையால் அவன் மார்பில் ஒரு அடி வைத்தாள். அந்தக் கையை உடனே எடுக்கவில்லை. பிறகு துணி ஓடையோடு போய்விடும் என்று சொல்லி இறங்கிப் போனாள்.

அவன் சமாதானம் வரும் வரைக்கும் சிப்பாயாகவே இருந்தான், கார்ப்பரல் பட்டை வரவில்லை. பிறகு டமாரிஸோடு வில்ட்ஷயர் போனான். நான் ஒருமுறை போய்ப் பார்த்தேன். காது கொஞ்சம் மந்தம், மற்றபடி நன்றாக இருந்தான். அந்த நாளைப் பற்றிக் கேட்டால், "மழை பெஞ்சது நல்லதாப் போச்சு" என்பதற்குமேல் சொல்லமாட்டான்.

ஆனால் அன்றைக்கு அப்படி இல்லை. அன்று மத்தியானம் நாங்கள் வடக்கே கிளம்பினோம். முதல் மைல் தாண்டுவதற்குள் ஜெத்ரோ பேச ஆரம்பித்தான். சாலைச் சேற்றைப் பற்றிப் பேசினான், குடை பிடித்துக்கொண்டு கழுதையில் போன பாதிரியாரைப் பற்றிப் பேசினான், தன் இடதுகால் பூட்ஸைப் பற்றி நெடுநேரம் பேசினான். சாப்பிட உட்கார்ந்தபோது வாயில் ரொட்டியோடு பேசினான். முன்னால் நடந்த அமோஸ் அவ்வப்போது, "அப்புறம்?" என்று கேட்டுக்கொண்டிருந்தான். சாயங்காலம் வரைக்கும் அந்தக் குரல் வரிசையில் ஓடிக்கொண்டே இருந்தது. நிறுத்தடா என்று ஒருவரும் சொல்லவில்லை, ஹக்கபிகூட.